கல்லிலே வளைந்த காலம்

மாளிகை ஒன்றினுள் நாழிகைப் பொழுது இருந்துவிட்டு வெளியே வந்தால், ஊர் மாறி, உற்றார் மறைந்து, யுகமே புரண்டிருக்கும் என்னும் கதை மனித குலத்துக்கு மிகப் பழையது. இரைவதன் என்னும் அரசன் தன் மகள் இரேவதிக்கு ஏற்ற மணாளனைக் கேட்டறியும் பொருட்டு, அவளையும் உடனழைத்துக்கொண்டு பிரமதேவனின் சபைக்குச் சென்றானாம். அங்கே கந்தருவர் பாடிக்கொண்டிருந்தமையால், பாட்டு முடியட்டும் என்று காத்திருந்தானாம். பின்னர் அவன் வாய் திறந்தபோது பிரமன் நகைத்து, அவன் மனத்தில் எண்ணி வந்த மணமகன்மார் மாத்திரமன்றி அவர்களுடைய பேரன் பூட்டன் வழியினர்கூடப் பூவுலகில் இப்போது இல்லை என்று கூறினானாம். ஒரு பாட்டுப் பொழுதுக்குள் பல யுகங்கள் கழிந்துவிட்டன.

மடவளையிலே எமது வகுப்பில் இக்கதையைச் சொன்னபோது, முஸ்லிம் மாணவர் ஒருவர் உடனே எழுந்து, குர்ஆன் கூறும் குகைவாசிகளின் வரலாற்றை எடுத்துரைத்தார். உறங்கி விழித்த அவ்விளைஞர்கள் ஒரு நாளோ அதனிற் குறைவோ கழிந்ததென எண்ணினர். ஆனால், கழிந்தவையோ 309 ஆண்டுகள். நம்மவர் சபையென்றனர், அவர்கள் குகையென்றனர், கருத்து ஒன்றே. அதன் பின் எழுந்த கேள்விதான் இக்கட்டுரைக்கு வித்து. "அப்படியொரு கட்டடத்தை உண்மையிலே கட்டலாமா, சேர்?" என்பது அக்கேள்வி.

விஞ்ஞானத்தை மாத்திரம் கேட்டால், ஒரு வகையில் எல்லாக் கட்டடங்களுமே காலத்தை வளைப்பன என்று அது விடை கூறும். புவியீர்ப்பு மிகுந்த இடத்திலே மணிக்கூடு மெதுவாக ஓடும், குறைந்த இடத்திலே விரைவாக ஓடும் என்பது ஐன்ஸ்டைன் கண்ட முடிபு. ஆதலின் மேல்மாடி மணிக்கூடு கீழ்மாடி மணிக்கூட்டை முந்த வேண்டும். அமெரிக்காவிலே ஹார்வார்ட் பல்கலைக்கழகத்தின் ஜெபர்சன் ஆய்வுகூடத்துக் கோபுரத்தில், 22.5 மீற்றர் உயரத்துக்குக் காமாக் கதிர்களைச் செலுத்தி, பவுண்ட், ரெப்கா என்னும் இரு அறிஞர் 1960ஆம் ஆண்டிலே இதனை அளந்து காட்டினர். கோபுரம் காலத்தை வளைத்தது உண்மை. எவ்வளவு வளைத்தது? அதன் அடியில் ஒருவரும் முடியில் ஒருவருமாக நூறாண்டு வாழ்ந்தால், இருவர் வயதுக்கும் இடையே உண்டாகும் வேறுபாடு, ஒரு செக்கனைப் பத்து இலட்சம் கூறாக்கினால் அதில் எட்டுக் கூறுக்கும் குறைவு. இரைவதன் இதைக் கேட்டால் மகிழமாட்டான்.

இவ்வளைவு கருவிக்கு மட்டுமே புலனாவது. கண்ணுக்குப் புலனாகும் வளைவு வேறொன்று உண்டு. ஒரு நூற்றாண்டிலே பிறந்து மற்றொரு நூற்றாண்டின் முகத்தைக் காட்டுகின்ற, ஒரு சமயத்தின் உடையணிந்து மற்றொரு சமயத்துக்கு வீடாயமைந்த கட்டடங்கள் எமது மலைநாட்டிலே ஒரு வரிசையாக நிற்கின்றன. அவற்றைக் காணப் பஸ்வண்டிக் கட்டணம் போதும்.

கண்டி நகரிலிருந்தே தொடங்குவோம். தலதா மாளிகையை வணங்க வருவோர் எண்ணிலர். அதன் எதிரே, வெள்ளரச மரங்களின் நிழலிலே ஒதுங்கி நிற்கும் நாத தேவாலயத்தினுள் நுழைவோர் சிலரே. அச்சிறு கற்கோயில் 14ஆம் நூற்றாண்டினது. மூன்றாம் விக்கிரமபாகு மன்னன் காலத்ததென்பர். கண்டியில் இன்று நிற்கும் கட்டடங்களுள் மிகப் பழையது அதுவே. சுற்றிலும் மரத்தூண்களும் சரிந்த ஓட்டுக் கூரைகளும் கொண்ட கண்டிப் பாணிக் கட்டடங்கள் நிற்க, அவற்றின் நடுவே இதுமட்டும் தமிழகத்துச் சிறு விமானமொன்றைப் பெயர்த்து வைத்தாற்போல் நிற்கிறது. முன்னறியாத ஒருவரை அங்கே நிறுத்தி, எங்கே நிற்கிறீர், எக்காலத்தில் நிற்கிறீர் என்று வினவினால், தஞ்சைப் பக்கத்து ஊரொன்றைச் சொன்னாலும் வியப்பில்லை. உள்ளே உறைபவரோ நாத தெய்வம். மகாயான பௌத்தத்தின் அவலோகிதேசுவரரே நாதராயினார் என்பது அறிஞர் கொள்கை.

இவ்வகையான கட்டடத்தைச் சிங்கள மொழியிலே கெடிகே என்பர். அடி முதல் முடி வரை, கூரையும் உட்பட, கல்லாலோ செங்கல்லாலோ ஆயது என்பது அதன் இலக்கணம். செங்கல் மனை என்று பொருள்படும் பழைய பாளிச் சொல்லொன்றிலிருந்து அப்பெயர் தேய்ந்து வந்ததென்பர். அவ்வாறாயின் முழுவதும் கருங்கல்லாலான கோயிலுக்கும் செங்கல் மனை என்றே பெயர் வழங்குகின்றது. பெயரே இங்கு ஒரு வளைவு.

கண்டிக்குத் தென்மேற்கே பேராதனையைக் கடந்து சென்றால் கடலாதெனியா. அகன்ற பாறையொன்றின் முதுகிலே அக்கோயில் நிற்கிறது. அதனைக் கட்டுவித்த வரலாறு பாறையிலேயே வெட்டப்பட்டிருத்தலின் இங்கே ஊகத்துக்கு இடமில்லை. கம்பளையிலிருந்து ஆண்ட நான்காம் புவனேகபாகுவின் காலத்திலே, சக வருடம் 1266இல், தர்மகீர்த்தி என்னும் மகாதேரரின் முயற்சியால் எழுந்தது. (சக ஆண்டுடன் 78ஐக் கூட்டினால் கிறித்து ஆண்டு வரும், 1344 எனக் கணக்கிட்டுக்கொள்க. மாணவர் இதனை மனத்திற் பதித்துக்கொள்ளுதல் நன்று.) கட்டிய சிற்பியின் பெயர் கணேசுவராசாரி. பெயரைச் செவியுற்றவுடனே அவர் எத்திசையினர் என்பது விளங்கிவிடுகிறதன்றோ? அதிட்டானத்தின் கட்டுகள், தூண்களின் பட்டைகள், ஆடுவோரும் முழவு முழக்குவோருமாக வரிசையிட்ட சிற்றுருவங்கள் யாவும் தென்னாட்டுக் கோயிற் கலை. கருவறையில் இருப்பவரோ மகரதோரணத்தின் கீழ் அமர்ந்த புத்த பகவான். அவருக்குத் தென்னாட்டு ஆசாரி கோயில் கட்டியதை அக்காலத்தவர் எவரும் விந்தையாகக் கருதியதற்கு அடையாளமில்லை. தர்மகீர்த்தி தேரரே ஆந்திர தேசத்துத் தான்யகடகத்திலே பௌத்தப் பள்ளியொன்றைப் புதுப்பித்தவர் எனப்படுகிறார். அவர்கட்குக் கடல் ஒரு வேலியன்று.

நூல்கள் பலவும் இக்கோயிலை விஜயநகரப் பாணி என்று ஒரு சொல்லிலே கூறிச் செல்கின்றன. அவ்விடத்தில் சற்று நின்று கணக்குப் பார்க்க வேண்டும். விஜயநகரம் தோன்றியது 1336 என்பது வழக்கு, கடலாதெனியாவோ 1344. எட்டு வயதுப் பேரரசு தனக்கென ஒரு கட்டடப் பாணியை உருவாக்கி, அதனைக் கடல் கடத்தி, கம்பளை மலைச்சாரலுக்கும் அனுப்பிவிட்டது என்பதை எங்ஙனம் ஏற்பது? கணேசுவராசாரியின் கையிலே இருந்தது விஜயநகரத்தின் கலையன்று. விஜயநகரமும் பின்னர் எதிலிருந்து எடுத்து வளர்த்ததோ அந்தப் பாண்டிய நாட்டுப் பழங்கலை. பிள்ளையின் பெயரைப் பாட்டனுக்கு இட்டு அழைக்கிறோம், அவ்வளவே. அக்காலத்தில் மதுரையிலே சுல்தான்களின் ஆட்சி நடைபெற்றது. பாண்டியர் ஆதரவு அற்றுப்போன சிற்பியர் வேலை தேடி ஈழம் வந்திருத்தல் கூடும் என்பது எமது எண்ணம். இதற்குக் கல்வெட்டுச் சான்று காட்டுதல் இயலாது.

அதே சக 1266இலே, அயலிலுள்ள மற்றொரு பாறையிலே, சேனாலங்காதிகாரர் என்னும் அமைச்சரின் பொருட்டு ஸ்தபதிராயர் என்பவர் லங்காதிலக விகாரையை எழுப்பினார். இது செங்கல்லாலானது. நான்கு மாடங்களாக எழுந்ததென்பர். மேல்மாடங்கள் சிதைந்த பின்னர்க் கண்டிப் பாணி ஓட்டுக் கூரையை அதன் தலைமேற் கவிழ்த்தனர். எனவே தூரத்திலிருந்து பார்த்தால் 18ஆம் நூற்றாண்டுத் தொப்பியணிந்த 14ஆம் நூற்றாண்டு மனிதரைப் போலத் தோன்றும். கிழக்கு முகமாகப் புத்தர் கோயில்; மற்றைப் பக்கங்களில் உபுல்வன், சமன், விபீடணன், கணபதி, குமாரர் ஆகிய தெய்வங்களின் இருக்கைகள். பாறையிலே சாசனம் சிங்களத்திலும் உண்டு, தமிழிலும் உண்டு. ஒரே கோயிலைப் பற்றி, ஒரே பாறையிலே, இரு மொழிகளில் எழுதி வைத்தவர்களை எமது பாடநூல்கள் இன்னும் சற்று விரிவாக அறிமுகஞ் செய்யலாம்.

ஆண்டு ஒன்றைத் தெரிந்துகொள்வதன் பயன் இன்னொன்றும் உண்டு. 1344ஆம் ஆண்டிலேதான் மொரொக்கோ நாட்டு யாத்திரிகர் இப்னு பதூதா இலங்கைக்கு வந்து, புத்தளத்தில் ஆரியச்சக்கரவர்த்தியைக் கண்டு, அவருடைய உதவியால் பாவாத மலைக்குச் சென்றார். கணேசுவராசாரியின் உளி ஒலித்துக்கொண்டிருந்த அதே ஆண்டிலே, தமிழ் மன்னனின் துணையோடு ஒரு முஸ்லிம் யாத்திரிகர் இம்மலைநாட்டுக் காடுகளைக் கடந்துகொண்டிருந்தார். இதனைக் கேட்ட எமது மாணவர் முகங்களில் தோன்றிய மலர்ச்சியை நாம் மறக்கமாட்டோம்.

கடலாதெனியாவுக்கு அண்மையிலேயே எம்பக்கைத் தேவாலயமும் உள்ளது. 26 வளைமரங்களை ஒரே மர ஆணியாற் பிணித்த அதன் கூரையையும், மற்போர் வீரர், கொடியிலிருந்து தோன்றும் பெண், இருதலைப் பறவை முதலான தூண் சிற்பங்களையும் எழுதத் தொடங்கின் இன்னொரு ஞாயிறு வேண்டும். இங்கு நமக்கு வேண்டியது ஒரு பெயர் மாத்திரம். எம்பக்கைத் தூண்களைச் செதுக்கியவர் தெல்மட தேவேந்திர மூலாசாரி என்பது மரபு. கண்டியிலே கடைசி மன்னன் ஸ்ரீவிக்கிரம இராசசிங்கனுக்காகத் தலதா மாளிகையின் எண்கோணப் பத்திரிப்பு மண்டபத்தை அமைத்தவரும் தேவேந்திர மூலாசாரியே. முன்னது 14ஆம் நூற்றாண்டு. பின்னது 19ஆம் நூற்றாண்டின் தொடக்கம். இரு வேறு மனிதர் என்பதில் ஐயமில்லை. ஆயினும் ஊரார் பேச்சிலே இருவரும் ஒருவராகி, நானூறு ஆண்டுகளுக்கு மேல் உளி பிடித்த மாயக் கலைஞர் ஒருவர் உலவுகிறார். இரைவதன் கதைக்கு இது எவ்வகையிலும் குறைந்ததன்று.

இனி, இக்கட்டடங்களுள் காலத்தை மிகுதியாக வளைத்த ஒன்றனைக் கூறுவோம். அது நாலந்தாக் கெடிகே. கண்டியிலிருந்து வடக்கே மாத்தளையைக் கடந்து தம்புள்ளை செல்லும் பெருந்தெருவிலே, ஏறத்தாழ 50 கிலோமீற்றர் தொலைவில் உள்ளது. இலங்கைத் தீவின் நடுப்புள்ளி அவ்விடமே என்று சொல்வாருமுண்டு. சிறிய கோயில்தான். மாமல்லபுரத்துச் சிறு கோயில்களைக் கண்டவர்கள் இதனைக் கண்டதும் திடுக்கிடுவர். அதே கூடுகள், அதே அளவான நிமிர்வு. கூரையின் கூடொன்றினுள் குபேரன் அமர்ந்திருக்கிறான். மழையாலும் வெயிலாலும் தேய்ந்த சிற்பங்கள் சில அடித்தளத்தில் உள. ஆனால் இது பௌத்தரின் வழிபாட்டிடமாக விளங்கியது என்பது பெரும்பாலார் முடிபு. கட்டியவர் இன்னார் என்று கூறும் கல்வெட்டு இங்கே இல்லை.

கல்வெட்டு இல்லாத இடத்தில் பாணியே சாட்சி. பல்லவர் சாயல் உளது. ஆகவே 8ஆம் நூற்றாண்டு என்றனர் சிலர். அவர்கட்கு வரலாற்றுத் துணையும் உண்டு. அனுராதபுரத்து அரசுரிமையை வேண்டிய மானவர்மன் காஞ்சியிலே முதலாம் நரசிம்மவர்மனின் அவையிலே தங்கி, அவனுக்காகப் போர் புரிந்து, பல்லவப் படைத்துணையுடன் 7ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலே நாடு பெற்றான். அவனோடும் அவன் வழியினரோடும் பல்லவச் சிற்பியர் வந்திருக்கலாமன்றோ? இது நல்ல வாதமே. ஆனால் வேறு சிலர் 9ஆம், 10ஆம் நூற்றாண்டென்பர்; 11 வரை இறங்குவாரும் உளர். ஒரே கல், ஒரே கூடு. அறிஞர்க்கு அறிஞர் முந்நூறு ஆண்டு வேறுபடுகிறது.

இதிலே அறிஞர்களை நகையாடுவதற்கு ஒன்றுமில்லை. கொழும்புச் செட்டியார் தெருவிலே சென்ற மாதம் செய்வித்த அட்டியலைப் பாருங்கள். மணமகளின் பாட்டி அணிந்த மாதிரியிலேயே அது அமைந்திருக்கும். ஆயிரம் ஆண்டுகளுக்குப் பின் அதனை மண்ணிலிருந்து எடுப்பவர், மாதிரியை நோக்கிப் பாட்டி காலத்தது என்பர். சாட்சி பொய்யன்று, தீர்ப்பு மட்டும் பிழை. சிற்பியின் கையும் அவ்வாறே. தந்தை கற்பித்த அளவை மகன் மாற்றான். தாய்நாட்டிலே வழக்கொழிந்த ஒரு மாதிரி, கடல் கடந்து வந்த குடும்பத்தின் கையிலே பல தலைமுறை உயிரோடிருத்தல் கூடும். பாணியைக் கொண்டு ஆண்டைச் சொல்வோர் இதனை ஒருபோதும் மறத்தலாகாது.

மாணவர்களோடு நாலந்தாவுக்குச் சென்றபோது, அங்கே சிறு வாக்குவாதம் ஒன்று மூண்டது. பல்லவர் பாணி; ஆதலால் இது தமிழர் கோயில் என்றார் ஒருவர். பௌத்த வழிபாட்டிடம் என்றுதானே சொல்கிறார்கள், பிறகு எப்படித் தமிழர் கோயிலாகும் என்றார் மற்றொருவர். குரல்கள் உயர்ந்தன. நாம் இருவரையும் கூட்டின் முன்னே நிறுத்தி, இந்தக் குபேரனை இந்துக்கள் மாத்திரமா வணங்கினர் என்று வினவினோம். வடதிசைக் காவலனாகிய வைசிரவணன் என்னும் பெயரிலே பௌத்தரும் அவனைப் போற்றுவர் என்பது அவர்களுக்குப் புதிய செய்தி. காஞ்சி பல்லவரின் தலைநகராக விளங்கியபோதே புகழ்பெற்ற பௌத்த நிலையமாகவும் விளங்கியது என்பதும், தமிழ் பேசியோருள் பௌத்தர் பல்லாண்டு வாழ்ந்தனர் என்பதும் அவ்வாறே. பாணி என்பது கைக்குரியது, சமயம் மனத்துக்குரியது, மொழி நாவுக்குரியது. மூன்றும் ஒரே மனிதர் கூட்டத்துக்கே எக்காலத்தும் உரியவாய் இருந்தன என்று எண்ணுவது இன்றைய பழக்கம். இன்றைய வேலியை 8ஆம் நூற்றாண்டிலே கொண்டுபோய் நடுவதும் காலத்தை வளைப்பதே. அது கல்லின் செயலன்று, நம்முடைய செயல். இந்நாட்டிலே இத்தகைய வாதங்கள் எப்போதும் வகுப்பறைக்குள்ளே முடிந்துவிடுவதில்லை. ஆகவேதான் இவ்விடத்தில் இவ்வளவு நேரம் நிற்கிறோம்.

நாலந்தாவின் கதை இன்னும் முடியவில்லை. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலே தொல்பொருள் ஆணையாளராகவிருந்த பெல் துரை, காட்டினிடையே சிதைந்து கிடந்த இக்கோயிலைச் செப்பனிட்டார். பின்னர் வந்தது மகாவலித் திட்டம். மடவளைக்கு மிக அண்மையிலே உள்ள பொல்கொல்லையிலே 1976ஆம் ஆண்டில் அணைகட்டி, மகாவலி கங்கையின் நீரை ஏறக்குறைய எட்டுக் கிலோமீற்றர் நீளமான மலைச் சுரங்கத்தின் வழியாக உக்குவளைக்குத் திருப்பினர். அங்கே மின்சாரம் பிறப்பித்த நீர் சுது கங்கையிலே விழுந்து, அம்பன் கங்கையோடு கூடி, போவத்தென்னை நீர்த்தேக்கத்தை அடைகிறது. அத்தேக்கத்தின் நீர் கெடிகேயை மூழ்கடிக்க இருந்தது. எமது வாசலைக் கடந்து செல்லும் ஆற்று நீரே நாலந்தாவின் கழுத்துக்கு உயர்ந்தது என்றால் மிகையாகாது. ஆகவே 1980ஐ ஒட்டிய ஆண்டுகளிலே கோயிலைக் கல் கல்லாகப் பிரித்து, உயர்த்திய மேட்டிலே மீண்டும் அடுக்கினர்.

உலகறிந்த முன்னுதாரணம் எகிப்திலே உண்டு. அஸ்வான் அணையின் பொருட்டு அபு சிம்பல் கோயிலை 1964 முதல் 1968 வரை அறுத்தெடுத்து, ஏறத்தாழ 65 மீற்றர் உயரத்தில் அமைத்தனர். ஆண்டில் இருமுறை ஞாயிற்றின் கதிர் அதன் கருவறை வரை செல்லும். இப்போது அது பெப்ரவரி 22இலும் ஒக்டோபர் 22இலும் நிகழ்கிறது. பெயர்ப்புக்கு முன் ஒரு நாள் முந்தி நிகழ்ந்தது என்று கூறுவாரும் உளர். மூவாயிரம் ஆண்டுக் கோயிலிலே ஒரு நாளே பிசகியதாயின், அந்தப் பொறியியலாளரைப் பாராட்டத்தான் வேண்டும்.

நாலந்தாவுக்கு அத்தகைய ஆரவாரம் கிட்டவில்லை. ஆனால் கேள்வி ஒன்றுதான். கல் பழையது, அடுக்கியது புதியது, அடித்தளம் புதியது, நின்ற மண் நீருக்குள். இன்று அங்கே நிற்பதன் வயது என்ன? 8ஆம் நூற்றாண்டா, 10ஆ, பெல் துரையின் காலமா, 1980ஆ? எல்லாமே என்பதுதான் எமது விடை. முன்பு மண்ணோடு மண்ணாக நின்ற கோயிலின் அடிக்கட்டைக் குனிந்து பார்த்தால், வெட்டிய கூர்மை இன்னும் மங்காத இடங்களும், கை வைத்தால் பொடியாக உதிரும் இடங்களும் அடுத்தடுத்து இருக்கின்றன. ஒரு காலத்துக்குரிய கல்லின் பக்கத்திலே வேறொரு காலத்தின் இணைப்பு. மாணவர் ஒருவர் தாமாகவே இவ்வேறுபாட்டைக் கண்டுபிடித்துச் சுவரைச் சுற்றிச் சுற்றி ஓடினார். பதினைந்து நிமிடத்தில் அவர் கற்றதை எமது கரும்பலகை ஒரு தவணையிலும் கற்பித்திராது.

செல்ல விரும்பும் குடும்பத்தினர் மாத்தளையிலிருந்து தம்புள்ளை செல்லும் பஸ்வண்டியில் ஏறி, நாலந்தாவில் இறங்கி, கிழக்கே பிரியும் சிறு வீதியில் ஏறத்தாழ ஒரு கிலோமீற்றர் நடக்க வேண்டும். காலையிலே செல்லுதல் நன்று. அப்போதுதான் சாய்வெயிலில் தேய்ந்த சிற்பங்களின் விளிம்பு தெரியும். குபேரன் இருக்கும் கூட்டைச் சிறுவர்களே தேடிக் கண்டுபிடிக்கட்டும். பெரியவர்கள் அவசரப்பட்டுச் சுட்டிக்காட்ட வேண்டாம்.